யாக் வாடகை

ஷினிங் நகரத்து எட்டாம் மாடியில்
லூமோட்ஸோவின் மேசைமேல்
நீல அட்டைக் கணக்குப் புத்தகம்.
மூலையில் வெண்ணெய்க் கறை.

ஜெனரேட்டருக்கு டீசல், ஆறு நாள்.
ஆலங்கட்டி உடைத்த வேன் கண்ணாடி.
பனி விழும் சத்தத்துக்காக
ஒலிப்பதிவாளர் துக்பும் காத்திருந்தது இரண்டு நாள்,
பதினேழு பேருக்குச் சாப்பாடு.

கேட்காத ஒரு சத்தத்துக்கு
இவ்வளவு நூடுல்ஸா என்றான் தம்பி.
அவள் பதில் சொல்லவில்லை.
அந்தப் பக்கத்தின் நுனியை மட்டும்
மடித்துவைத்தாள்.

விநியோகஸ்தர் ஒருவர் வந்தார்.
நல்லவர்தான்.
உப்புத் தேநீரை மிச்சம் வைக்காமல் குடித்தார்.
வசனத்தை மட்டும் சீனத்துக்கு மாற்றிவிடுங்கள்,
முகங்கள் அப்படியே இருக்கட்டும் என்றார்.
பெரிய தொகை.

படத்தில் ஒருவன் தன் குதிரையைத் திட்டுவான்.
அம்தோ மேய்ப்பர்கள் திட்டுகிற மாதிரி,
பாதி வசவு, பாதி கொஞ்சல்,
எது எதில் முடிகிறதென்று
குதிரைக்குத்தான் தெரியும்.
அதை எந்த வாய்க்கு மாற்றுவது?

அடுத்த வாரம் காரை விற்றாள்.
வாங்கியவன் மறுநாளே வந்து
டிக்கியில் கிடந்த கிளாப் பலகையைத்
திருப்பிக் கொடுத்துவிட்டுப் போனான்.

முதல் காட்சி
கோலோக் பக்கத்தில் ஒரு சிற்றூர்ப் பள்ளியின்
சாப்பாட்டுக் கூடத்தில்.
இரண்டு மெத்தை விரிப்பைச் சேர்த்துத் தைத்த திரை.
நடுவில் வந்து நின்ற முகத்துக்கெல்லாம்
நெற்றியிலிருந்து முகவாய்வரை
ஒரு தையல்.

மோட்டார் சைக்கிள்களில் வந்தார்கள்,
ஒன்றில் நான்கு பேரும் ஓர் ஆட்டுக்குட்டியும்.
குதிரையைத் திட்டியதும்
தகரக் கூரை அதிரச் சிரித்தார்கள்.
இன்னொரு தடவை போடு என்றார்கள்.
போட்டார்கள்.

பிறகு அந்த மலைச்சரிவு.
நெற்றி வெளுத்த யாக் ஒன்று
மெல்லத் தலைதூக்கி
நேரே பார்க்கும். அவ்வளவுதான் காட்சி.

கூட்டத்தில் யூட்ரோன் எழுந்தாள்.
"என்னுடையது" என்றாள்.
"போன பனியில் செத்துப்போனது."
யாரோ இருமினார்கள்.
அவள் உட்காரவில்லை.

தயாரிப்பாளர் பெயர் கடைசியில் வரும்.
அதற்குள் எல்லாரும் குனிந்து
பூட்ஸ் தேடிக்கொண்டிருப்பார்கள்.
அந்த நேரத்தில் யூட்ரோன் வந்து
லூமோட்ஸோவிடம் கை நீட்டினாள்.

"நாளுக்கு எண்பது யுவான் பேசினோம்.
இன்றைக்கும் வேலை செய்திருக்கிறது."

பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள்.
இரண்டு பெண்களும் சிரிக்கவில்லை.
லூமோட்ஸோ எண்ணிக் கொடுத்தாள்,
கசங்கிய பத்துகளாக எட்டு.

"நாளைக்கு அடுத்த ஊரில் போடுகிறாயா?"
"ஆமாம்."
"அப்போ நாளைக்கும்."
"நாளைக்கும்."

யாக்கை நிலையாது என்று
மடத்துச் சுவரில் வரைந்திருக்கிறது,
சக்கரத்தைக் கவ்விய கோரைப்பல்லோடு.
யாக்கைப் பற்றி
அந்தச் சுவர் ஒன்றும் சொல்லவில்லை.

ராத்திரி வேனுக்குள்
டார்ச்சைப் பல்லில் கடித்தபடி எழுதினாள்:
யாக், நெற்றி வெள்ளை, ஒன்று.
உயிரோடு இல்லை. வேலைக்கு வந்தது.
மொத்தம் என்ற கட்டத்தில்
பேனா கொஞ்சநேரம் நின்று
வெறுமனே விட்டுவிட்டது.

பிறகு சட்டென்று துக்பும்மை எழுப்பி
"குதிரைக்காரன் காதுக்கு இது போகக் கூடாது" என்றாள்.
"அதை நாம்
இரண்டு தடவை போட்டிருக்கிறோம்."