மண்ணுக்குள் ஆறு மீட்டர்

பாலம் முடியவில்லை, ஒப்பந்தம் முடிந்தது.
கடிதம் மூன்று பக்கம், மலாயில்.
கையெழுத்தைவிட முத்திரை பெரிது.
பதினான்கு நாளில் சைட்டைக் காலி செய்,
அளந்ததற்கு மட்டும் பணம்.

அளக்க வந்தார்கள், ஒரு செவ்வாய்க்கிழமை.
என்சிக் ஸுல்ஹைரி, புதுச் சப்பாத்து,
கையில் டேப்பு. படம் பிடிக்க ஒரு பையன்.
கண்ணுக்குத் தெரிந்ததையெல்லாம் அளந்தார்:
கம்பி, பலகை,
வெள்ளத்தில் கல்லாகிப்போன நாற்பது மூட்டை சிமெண்டு
(அதைக் கழித்தார்).
பிறகு ஆற்றோரம் குனிந்து,
“பைல் எத்தனை மீட்டர்?”
“பதினெட்டு.”
“ரிக்கார்டில் பன்னிரண்டு.”

பன்னிரண்டில் பாறை இல்லை, என்சிக்.
அடிக்க அடிக்கக்
கஞ்சிக்குள் கரண்டி மாதிரி
போய்க்கொண்டே இருந்தது.
உங்கள் மேற்பார்வையாளர்தான் சொன்னார்:
நீ அடி, எழுத்து பின்னால் வரும்.
அவர் மாற்றலாகிச் சபாவுக்குப் போய்விட்டார்.
எழுத்து வரவில்லை.

ஆபீசில் இருப்பதும் பைல்,
மண்ணில் இருப்பதும் பைல்,
தமிழில் எழுதினால் ஒரே எழுத்து.
ஒன்று பன்னிரண்டில் நின்றுவிட்டது.
மற்றது
பதினாறு துளையில், துளைக்கு ஆறு மீட்டராக,
தொண்ணூற்றாறு மீட்டர்
யாருடையதும் இல்லாமல்
லாபிஸ் சேற்றுக்குள் நிற்கிறது.

தோண்டிக் காட்டு என்கிறார்கள்.

லியோங் தவுக்கேயின் ஹார்ட்வேர் கடை வழியாக
இப்போது நான் போவதில்லை,
பாசாரைச் சுற்றிப் போகிறேன்.
மிஸ்பாஹுல் தினம் வாட்சாப்பில்
ஒரே சொல் அனுப்புகிறான்: பாஸ்?
இரண்டு மாதச் சம்பளம்.
தவமலரின் சங்கிலி அடகுக் கடையில்.
ரசீதில் எடை, கிராமுக்குக் கிராம்.
அங்கே மட்டும் அளவில் தகராறே இல்லை.

எழுத்தில் ஏதாவது இருக்கிறதா என்றார் வக்கீலம்மா.
இருந்தது, பைல் அடித்தவர்களின் ஒரு நோட்டு,
எத்தனை அடிக்கு எத்தனை இறக்கம் என்று.
மழை பட்டு மை ஊறிய தாள்.
எட்டாம் பைலின் பக்கத்தில்
யாரோ சோற்றுக் கணக்கு எழுதியிருந்தார்கள்.
அந்தப் பக்கத்தையும் ஜெராக்ஸ் எடுத்தோம்.
விசாரணை மார்ச்சுக்குத் தள்ளிப்போனது.

புதுக் குத்தகைக்காரர் என் பைலைப் பிடுங்கவில்லை.
பாரம் ஏற்றிச் சோதித்தார்கள்.
தாங்கும் என்றது ரிப்போர்ட்.
எவ்வளவு ஆழத்தில் நின்று தாங்கும் என்று சொல்லவில்லை.
தாங்குவதற்கு ஒப்பந்தத்தில் ரேட் இல்லையாம்.
அதன்மேல் அவர் தளம் ஊற்றினார்,
பில் போட்டார், வாங்கினார்.

திறப்பு நாளில் நானும் போனேன்,
கூட்டத்துக்குப் பின்னால், ஹெல்மெட்டைக் கழற்றாமல்.
முதல் லோரி செம்பனைக் குலையோடு வந்தது,
எப்போதும்போல் அளவுக்கு மீறி.
இறங்கு, என்றேன் மனசுக்குள்.
ஒரு அங்குலம் இறங்கேன்.

அப்புறம்தான் உறைத்தது.
இறங்கினால் அது பன்னிரண்டு என்றாகிவிடும்.

நடுப்பாலத்தில் லோரி கியர் மாற்றியது.
மூச்சுவிடாமல் நின்றேன்.
அக்கரை ஏறியதும் டிரைவர் தலையை நீட்டி,
“என்னண்ணே, பாலம் கெட்டியா இருக்கே!”
என்னிடம் ஏன் சொன்னானோ.
ஹெல்மெட்டுக்குள் ‘ம்’ என்றேன்.