மூன்றாம் மனுதாரர்

முப்பதடிச் சாலை என்றுதான் பத்திரத்தில்.
லூர்துசாமி டேப்பை இழுத்துக்கொண்டு போனார்,
மறுமுனையைச் சாக்கடைக் கல்லில்
அழுத்திப் பிடித்திருந்தேன் நான்.
இருபத்தொன்பது அடி, நாலு அங்குலம்.
"மீதி எட்டு அங்குலத்தை யார் தின்னது?" என்றார்.
வழக்கு அங்கே தொடங்கியது.

கம்மனஹள்ளி, ஐந்தாவது கிராஸ், முப்பத்தேழாம் எண்.
வரைபடத்தில் அது வீடு.
பூஜையறைக்கென்று ஒரு கட்டம்கூடப் போட்டிருந்தார்கள்.
கட்டி முடித்தபோது அந்தக் கட்டத்தில் பீர்க்குழாய்,
மொட்டைமாடியில் தகரக் கூரை,
அதன் நெற்றியில் விட்டுவிட்டு எரியும் ஆங்கிலப் பெயர்.
அது எரியும்போதெல்லாம்
என் படுக்கையறை நாள்காட்டியில்
எல்லா நாளும் ஞாயிற்றுக்கிழமை போலச் சிவந்துவிடும்.

ஐந்து பேர் கையெழுத்திட்டோம்.
லூர்துசாமி முதலாமவர்.
ஐ.டி.ஐ. ஆலையில் ஆயுளெல்லாம்
தொலைபேசி மணி அடிக்கிறதா என்று சோதித்தவர்
இரவு ஒரு மணிக்குக் கைபேசியை நீட்டி
நோட்டில் டெசிபல் எழுதினார்:
எழுபத்தொன்று, எழுபத்துநாலு,
வெள்ளிக்கிழமை எண்பத்துமூன்று.
நாகரத்னம்மா இரண்டாமவர்.
அவர் கேட்டுக்கு முன்னால் வாந்தியெடுத்துப்போன
கார்களின் எண்கள் எல்லாம் அவருக்கு மனப்பாடம்.
மூன்றாவது நான்.

மாநகராட்சி, போலீசைக் கேள் என்றது.
போலீஸ், கலால் துறை என்றது.
கலால் துறையில் ஒருவர் நிதானமாகச் சொன்னார்:
"உரிமம் சரியா இருக்கு மேடம்.
வீடுதான் தப்பா இருக்கு."

ஏழு வாய்தா.
எட்டாவதில் எதிர்மனு வந்தது.
நாற்பத்தொன்றாம் பக்கத்தில் என் கேட்.
என் கோலம், என் செருப்பு,
கன்னடத்தில் பெரிதாகவும் தமிழில் சிறிதாகவும்
தோசை மாவு கிடைக்கும்.
மூலையில் என் மகன் ஆறாம் வகுப்பில் வரைந்த இட்லி,
ஆவியோடு.
கீழே ஒரு வரி:
குடியிருப்பு நிலத்தில் வணிகம் செய்பவரே
வணிகத்தை எதிர்க்கிறார்.

யாரோ சிரித்தார்கள்.
நீதிபதி சிரிக்கவில்லை,
கிரைண்டர் எத்தனை குதிரைத்திறன் என்று கேட்டார்.
"அர்தா" என்றேன் கன்னடத்தில்.
தமிழில் அரை என்றால்
பாதியும் அதுதான், என் பிழைப்பும் அதுதான்.
அந்த அறையில் அதை யாரிடம் சொல்ல?

அன்று மாலை கூட்டத்தில்
நாகரத்னம்மா ஜன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னார்:
"காலையில நாலரைக்கு உங்க மிஷின் ஓடும்.
ஒன்பது வருஷமா நான் ஒண்ணும் சொன்னதில்லை, பாருங்க."
ஒன்பது வருஷமாய் நாளுக்கு இரண்டு பாக்கெட் வாங்குகிறவர்.
லூர்துசாமி நோட்டைப் புரட்டினார்.
அதில் நாலரை மணிக்கென்று
ஒரு பக்கம் இருந்ததா என்று நான் கேட்கவில்லை.

இடைக்காலத் தடை கிடைத்தது.
வெள்ளைத் துணி, அரக்கு, முத்திரை.
நடைபாதையில் பையோடு நின்றார்கள்
தட்டு கழுவிய பையன்கள்.
அதில் சில்சாரிலிருந்து வந்த ரூபம்
என்னிடம் மாவு வாங்கிய கணக்கில்
முப்பத்தாறு ரூபாய் பாக்கி.
சில்லறையாய் எண்ணி என் கையில் வைத்தான்.
வாங்கிக்கொண்டேன்.
மனுவில் என் பெயர் இருப்பது
அவனுக்குத் தெரியுமா தெரியாதா,
முகத்தில் ஒன்றும் இல்லை.

இரவு நாள்காட்டி வெள்ளையாகவே இருந்தது.
தூக்கம்தான் வரவில்லை.
நாலரைக்கு எழுந்து
உளுந்தை வடித்து, கல்லில் போட்டு,
சுவிட்சில் விரலை வைத்தேன்.
தெரு மூச்சுவிடுவது கேட்டது,
இருபத்தொன்பது அடி நாலு அங்குலமும்.

ஜன்னலைச் சாத்தினேன்.
கிரைண்டருக்கு அடியில்
நாலாய் மடித்த சாக்கைத் திணித்தேன்.
பிறகு போட்டேன்.
மூடியின் மேல் கையை அழுத்திக்கொண்டே நின்றேன்,
அழும் குழந்தையின் வாயைப் பொத்துவதைப் போல.

எதிர்வீட்டு மாடியில் விளக்கு எரிந்தது.
தினமும் இந்நேரம் எரிவதுதானோ என்னவோ.
ஒன்பது வருஷத்தில்
அந்தப் பக்கம் நான் பார்த்ததில்லை.