ஒரு சொல்லுக்கு ஐந்து சென்டாவோ

அந்த மொழி எனக்கு இன்றும் வாசிக்கத் தெரியாது.
முப்பத்தெட்டு எழுத்துகள். முகம் பார்த்துத்தான் பழகினேன்,
தினமும் அதே பேருந்தில்
எதிரே உட்காருபவர்களைப் போல.
காலாப்ரியக் கொத்தனாரின் மகன் நான்.
புவெனஸ் ஐரிஸில், ஒரு கார் பட்டறைக்குப் பின்னால்,
ஆர்மீனியர்களின் வாரத்தாளுக்கு
முப்பத்தொரு வருடம் அச்சுக் கோத்தேன்.

ஹாய்கானுஷ் தெர்மென்ஜியான்
பதினெட்டு வயதில் அங்கே வந்தவர்.
வேலைநிறுத்தம், கல்யாணம், தேவாலயக் கணக்கில் ஓட்டை
எல்லாம் எழுதினார்.
இரண்டு முறை வேலையிலிருந்து நீக்கினார்கள்.
இரண்டு முறையும் திங்கட்கிழமை வந்து
உட்கார்ந்துவிட்டார்.

நாலாம் பக்கம் அவருடையது.
தலைப்பு: தேடுகிறேன்.
செருப்புத் தைப்பவர், கம்பளம் விற்பவர்,
ஜூலைக் குளிரிலும் கையுறை இல்லாதவர்
'என் அருமை அண்ணன், தங்கமான குணம்' என்று
எழுதி எடுத்து வருவார்கள்.
நீலப் பென்சில் அருமையை அடிக்கும்.
தங்கத்தை அடிக்கும்.
"தழும்பு இருக்கட்டும்" என்பார்,
"குணத்தை வைத்து யாரும் யாரையும் கண்டுபிடித்ததில்லை."
மிச்சச் சில்லறையை எண்ணித் திருப்பித் தருவார்.

(பின்னாளில் விமர்சகர் ஒருவர் எழுதினார்,
அந்த வறண்ட நடையைப் பாலைவனம் கற்றுக்கொடுத்ததாம்.
பாலைவனமாவது!
விளம்பரக் கட்டணம் கற்றுக்கொடுத்தது.)

நான் கோத்தவற்றில் பலித்தவை நான்கு.
ஒன்று, அலெப்போவில் கிடைத்த ஒரு மருமகன்.
தவறான மருமகன்.
இருந்தும் வைத்துக்கொண்டார்கள்.

அவருடைய சொந்த அறிவிப்பு வருடம் ஒருமுறை.
ஹாஜின் ஊர். யெரானுஹி. இடது புருவத்தில் தழும்பு.
கடைசியாகக் கண்டது ராஸ் அல் ஐன் ரயிலடி.
அதற்கும் காசு கட்டுவார். ரசீது கேட்பார்.

ஐம்பத்தெட்டில் அந்தப் பத்தி நின்றுபோனது.
தேடியவர்கள் ஒவ்வொருவராக
மரண அறிவிப்புக்கு நகர்ந்தார்கள்.
அதே பக்கம்தான், அதே எழுத்துதான்.

எழுபத்தேழு, ஆகஸ்ட்.
என் மகளை ஒரு பச்சைக் காரில் ஏற்றினார்கள்.
அப்படி ஒரு பெயரே பதிவில் இல்லை என்றது காவல் நிலையம்.
ஸ்பானியத் தாள்களின் விளம்பரச் சன்னல்களில்
என் காகிதத்தை விரல் படாமல் திருப்பித் தள்ளினார்கள்.

ஹாய்கானுஷ் நாற்காலியை இழுத்துப் போட்டார்.
"உட்கார். சொல்.
இந்தத் தடவை சொல்லுக்குக் காசில்லை.
எவ்வளவு வேண்டுமானாலும்."

முப்பது வருடம் அவர் அடித்துத் தள்ளிய
அருமைகளும் தங்கங்களும்
அறை முழுக்கக் கிடந்தன.
எனக்கு ஒன்றும் கைக்கு வரவில்லை.
டெல்ஃபினா. இருபத்திரண்டு. இடது முழங்காலில் தையல்.
அவ்வளவுதான்.
அவர் நீலப் பென்சிலை எடுத்தார்,
அடிக்க ஒன்றுமில்லாமல் கீழே வைத்தார்.

பிறகு அவர் மொழியில் எழுத்து எழுத்தாகச் சொன்னார்.
நான் தலைகீழாகக் கோத்தேன்.
என் மகள் அதில் ஏழு எழுத்து.
நடுவில் உள்ளது,
அந்நியர் பெயர்களுக்கென்று பிற்பாடு சேர்த்த கடைசி எழுத்தாம்.
ஓரத்து அறையில் தேயாமல்
மின்னிக்கொண்டு கிடந்தது.

கர்னல்களுக்கு வாசிக்கத் தெரியாத எழுத்து.
எனக்கும் தெரியாது.
அவளைப் பார்த்திருக்கக்கூடிய எவருக்கும் தெரியாது.
ஆனாலும் வாரம் தவறாமல் போட்டோம்.
அந்த வரிகளை நான் கலைக்கவில்லை,
நூலால் கட்டி வைத்தேன்.

எண்பத்து நான்கில் அவருடைய நினைவுக் குறிப்புகள் வந்தன.
ஸ்பானிய மொழியில். இருநூற்றுப் பன்னிரண்டு பக்கம்.
அதில் நான் ஓரிடத்தில் வருகிறேன்,
அடைமொழி எதுவும் இல்லாமல்.
கடைசிப் பக்கத்தில் முடிவுரை இல்லை.
மேலே யெரானுஹி.
கீழே, என் நூல் கட்டிலிருந்தே அச்சடித்தது,
அந்த ஏழு எழுத்து.

கட்டைத் திருப்பித் தர அவரே வந்தார்,
எழுபத்தாறு வயதில், மூன்று மாடி ஏறி.
வாசலில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டே
ரசீது கேட்டார்.
எழுதிக் கொடுத்தேன்.