ஒப்பந்தம் மார்ச் வரை

எர்வானுக்கு இது ஏழாவது நாடு.
ருமேனியாவில் ஒரு பல்,
சைப்ரசில் மூணு மாசச் சம்பளம் போச்சு.
எந்த ஊரில் இறங்கினாலும்
பந்து கேட்கிற சொல்லைத்தான் முதலில் கேட்பான்.
கோயமுத்தூரில் நான் கொடுத்தது: "குடுங்".
அந்தக் கடைசி ங்
அவன் பிரெஞ்சு மூக்கில் ஏற்கெனவே இருந்தது.
எதிராளியைச் சாய்த்துவிட்டு
"எந்திரிங்" என்று கை நீட்டுவான்.
கேலரி சிரிக்கும், ஒருமுறை நடுவரும்.

ஜனவரியில் முட்டி.
சிங்காநல்லூரில் எடுத்த ஸ்கேனை
ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான்,
வாங்கப்போகாத வீட்டின் பிளான் போல.

பீளமேடு ஏர்போர்ட், விடிகாலை நாலரை.
ரெண்டு பை, முட்டியில் ஐஸ்.
"போறனுங்" என்றான்.
வர்றனுங் என்றல்லவா சொல்லணும்?
திருத்த வாயெடுத்தேன்.
வாசல் காவலர்
பாஸ்போர்ட்டில் இருந்த பையனையும்
இவனையும்
மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார்.