இன்று பூச்சியம்

உசெய்னு பாஜியை நான் கண்டதில்லை.
அவனுடைய வேர்வையைத் துடைக்கிறவன் என் தம்பி.
பிரான்சில், சொல்லப் போனால் நாக்குச் சுளுக்குகிற ஓர் ஊரில்
கூடைப்பந்துத் திடலின் ஓரம்
மொப்போடு குந்தியிருப்பான் யசிந்தன்.
ஆரும் விழுந்தால் ஓடவேணும்.
விழுந்தவனைத் தூக்க வேறு ஆள்.
இவனுக்கு ஈரம் மட்டும்.

ஏழடிக்கு இரண்டு விரல் குறைவு.
விழுந்தால் ஒரு பாயளவு நனையும் என்றான் தம்பி.
அப்படித்தான் சிநேகிதம்.
இரண்டு பேருக்கும் பிரெஞ்சு அரைகுறை,
பொய் சொல்லுகிற அளவுக்கு வராது.

செனகலின் தெற்கே, கசமான்ஸ் பக்கம் அவன் ஊர்.
தகப்பனுக்கு மரமுந்திரிகைத் தோட்டம்.
கன வருசமாய்ப் பழம் தானே விழுந்து தானே அழுகுது,
ஒருத்தரும் உள்ளே போறதில்லை என்று
உடுப்பு மாற்றுகிற அறையில் வைத்துச் சொன்னானாம்.
ஏன் என்று தம்பி கேட்கவில்லை.
என் வேலையைச் சொன்னான்.

என் வேலை அம்பகாமத்தில்.
ஒரு மீட்டர் பாதை, இரு பக்கமும் சிவப்புத் தடி,
முகத்துக்குக் கண்ணாடி மறைப்பு, அதற்குள்ளே என் மூச்சு.
முழங்காலில் நின்று
ஈர்கொல்லியால் வாருகிற மாதிரி மண்ணை வாரவேணும்.
கோட்டுக்கு வெளியே கால் வைத்தால் விசில்.
அவனுக்கும் அப்படித்தானாம்.
அவனுக்குப் பந்துதான் மற்றப் பக்கம் போகும்.

"அக்கா இன்றைக்கு எத்தனை?"
போட்டி முடிந்ததும் தம்பியிடம் கேட்பானாம்,
புள்ளி விசாரிக்கிற தோரணையில்.
நானும் அவன் புள்ளியைப் பார்க்கப் பழகினேன்.
ஒலுமடுவில் சிக்னல் கிணற்றடியில் மட்டும்.
இரவு ஒரு மணி, நுளம்பு,
நாலரைக்கு எழும்பவேணும் என்ற எரிச்சல்.
இருபத்தொன்று.
பதினெட்டு.
பேந்து போர்த்துக்கல், அங்கே பன்னிரண்டு.
ஹங்கேரியில் பன்றி இறைச்சிக் கொம்பனியின் பெயரை
நோன்பு மாதத்திலும் நெஞ்சில் சுமந்து ஒன்பது.
லெபனானில் மூன்று மாதச் சம்பளம் வரவே இல்லை,
ஆனால் ஒரு நாள் இருபத்தாறு அடித்தான்,
நான் கிணற்றுக் கட்டில் ஏறி நின்று கத்த
நாய்கள் முழு ஒழுங்கையையும் எழுப்பிவிட்டன.

பிறகு முழங்கால்.
பழைய ஊருக்கே வந்தான், கீழ்ப் பிரிவு, பாதிக் காசு.
அட்டவணையில் அவன் பெயருக்கு நேரே
நிமிடம் பூச்சியம், புள்ளி பூச்சியம்.
வாங்கில் காய்ந்தபடி இருக்கிறான், துடைக்க ஒன்றுமில்லை என்றான் தம்பி.

அதே நாள் ஜெனிற்றா அக்காவும்
என் பாதைக்கு நேரே பூச்சியம் போட்டா.
போட்டுவிட்டுச் சிரித்தா.
எல்லாரும் வாகனத்தில் ஏறினோம், எண்ணினோம், சரி.
அவனுக்கு இதை எப்படிச் சொல்ல?
சொல்லவில்லை.

போகும்போது சப்பாத்துகளை யசிந்தனிடம் விட்டுப் போனான்.
கடற்பொதியில், சவர்க்காரத்துக்கும் கொக்கோவுக்கும் நடுவில் வந்தன.
ஐம்பத்தோராம் அளவு.
பள்ளிக்கூடப் பெடியள் ஒன்றுக்குள் இரண்டு காலையும் விட்டுப் பார்த்தாங்கள்.
வலது எங்கேயோ போயிற்று.
இடதில் கோழி அடைகிடக்குது.

நேற்று ஒரு படம் அனுப்பியிருக்கிறான், தம்பி மூலம்.
மரமுந்திரிகை, ஆளுயரப் புல்,
தடி நடுகிற ஆக்கள், அதே சிவப்பு.
"அக்காட்டைக் கேள், எத்தனை மாதம் செல்லும்?"

பெருப்பித்துப் பார்த்தேன்.
மரத்தை எண்ணினேன், சரிவைப் பார்த்தேன்.
ஐந்து. மழை பிந்தினால் ஏழு.

பிறகுதான் கண்டது.
கயிற்றின் ஓரம் அவன் நிற்கிறான், சிரித்தபடி,
அந்தப் பெரிய கால்,
விரல் அத்தனையும் கயிற்றுக்கு அங்கால்.

யசிந்தன், படம் எடுத்தது எப்ப?
போனைப் போடு.
பின்னால் வரச் சொல்லு,
திரும்பாமல்,
வந்த அடியிலேயே.