வேற்றுமொழி

தேர்தல் நாளில் எங்கள் நாட்டில்
சைக்கிள்கள் வெளியே வரக்கூடாது.
வாக்கு என்பது காம்பியாவில் ஒரு கோலிக்குண்டு.
வேட்பாளரின் நிறம் பூசிய தகரப் பீப்பாயில்
குழாய் வழியே அதைப் போட்டால்
உள்ளே ஒரு மணி அடிக்கும், ஒரே ஒரு முறை.
திரைக்கு வெளியே இருக்கும் அதிகாரி
காதால் கண்காணிப்பார்.
சைக்கிள் மணிக்கும் ஏறக்குறைய அதே குரல்.
அன்று மட்டும் தெருவுக்கு வாய்க்கட்டு.

ஆற்றின் வடகரையில், படகுத்துறை மேட்டில்,
சங்குங் தராம்மேயின் சைக்கிள் கடை
அந்த நாட்களில் மட்டும் மூடிக் கிடக்கும்.
அப்படி மூடிய ஒரு நாளின் இரவில்
துளையிட்ட பலகையில் கோலிகளைப் பரப்பி எண்ணி
அவரையே பாஞ்சுலுக்கு அனுப்பிவைத்தார்கள்.

நான் சபையின் குறிப்பெழுத்தர்.
அவர்கள் பேசுவார்கள், நான் தட்டுவேன்.
இருமினால் எழுதமாட்டேன்.
சிரித்தால் அடைப்புக்குறிக்குள் சிரிப்பொலி.

பத்தாண்டில் அவர் பேசியது
மொத்தம் நாற்பத்தொரு பக்கம்.
அதில் முப்பது பக்கம் படகு.
இரவில் படகு ஏன் ஓடுவதில்லை?
பரிசீலனையில் உள்ளது.
இயந்திரத்துக்கு உதிரிப்பாகம் எப்போது வரும்?
பரிசீலனையில் உள்ளது.
அந்தப் பரிசீலனை
எந்தக் கரையில் உள்ளது, மாண்புமிகு அமைச்சரே?
(சிரிப்பொலி.)

உத்தமர் என்று நான் சொல்லவில்லை.
கார்க்கடன் மசோதாவுக்கு
முதலில் உயர்ந்த கைகளில் அவருடையதும் ஒன்று.
வரவுசெலவு விவாதத்தில்
பின்வரிசையில் வாய் திறந்து தூங்குவார்,
எத்தனை சோப்புக்கும் போகாத கிரீஸ் நகங்களை
வயிற்றின்மேல் கோத்துக்கொண்டு.

எட்டாம் ஆண்டு, ஆகஸ்ட்,
ஒலிவாங்கியையும் மீறிக் கூரையில் மழை.
எழுந்தார். கையில் தாள் இல்லை.
ஆங்கிலத்தில் தொடங்கியவர்
பாதி வாக்கியத்தில் மண்டிங்காவுக்குள் இறங்கிவிட்டார்,
நீந்தத் தெரிந்தவன்
நின்றுபோன படகை விட்டு இறங்குவதுபோல.
சபாநாயகர் சுத்தியலைத் தட்டினார்.
ஒன்பது பேர், என்றார் இவர்,
இரவுகளில் துறையில் காத்திருந்து
அக்கரை ஆஸ்பத்திரியைப் பார்க்காமலே போனவர்கள்.
பெயர்களைச் சொன்னார்.
சுத்தியல் நடுவே நடுவே விழுந்தது.

விதிப்படி நான் எழுதியது மூன்று சொற்கள்:
வேற்றுமொழி, பதிவில் இல்லை.

அது என் தாய்மொழி.

அடுத்த தேர்தலில்
பதினான்கு கோலிகளில் தோற்றார்.
வென்றவனுக்கு வழவழப்பான சுவரொட்டி,
உள்ளே அச்சிட்டிருந்ததும் ஒரு படகுதான்.
தராம்மே மறுநாள் காலை
கடைப் பலகைகளைத் திறந்து
பஞ்சர் தொட்டியில் தண்ணீர் ஊற்றியதாகக் கேள்வி.

விடுப்பு எடுத்துக்கொண்டு போனேன்.
என்னை அவருக்கு முகம் தெரியவில்லை;
எங்களை யாரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை.
கவட்டியில் சக்கரம் ஒன்றை மாட்டி
கோணல் எடுத்துக்கொண்டிருந்தார்.
ஐயா, அன்று நீங்கள் சொன்ன பெயர்களில்
எனக்கு ஏழுதான் நினைவிருக்கிறது, என்றேன்:
கூம்பா ஜாட்டா. பின்த்தா சூசோ.
ந்யீமா கெய்த்தா. தியெனாபா பா.
செங்கல் சூளை மாலாங்.
சாஜோ செஸ்ஸே, அவள் மருமகள் ஹவா.
இரண்டு விட்டுப்போய்விட்டது.
நோட்டுப் புத்தகம் கொண்டுவந்திருக்கிறேன்.

சக்கரம் தானாகச் சுற்றி நிற்கும்வரை
பேசாமல் இருந்தார்.
விட்டுப்போகவில்லை, என்றார்.
நான் சொன்னதே ஏழுதான்.
மற்ற இரண்டும்
பெயர்வைக்கும் நாள்வரை இருக்கவில்லை.

எனக்கு எழுத எதுவும் இல்லை.
பேனாவை மூடினேனா என்றும் ஞாபகமில்லை.

அவர் சக்கரத்தைப் பூட்டி
சைக்கிளை நிமிர்த்தி நிறுத்தினார்.
வழக்கம்போல மணியை ஒரு முறை அடித்துப் பார்த்தார்.
சரியாகத்தான் கேட்டது.
இன்னொரு முறை அடித்தார்.

பிறகு கையைத் துடைத்துக்கொண்டு,
படகுக்கு நேரமாச்சு, போங்கள், என்றார்.
துறைக்கு ஓடினேன்.
நாலரைப் படகு
ஆறே முக்காலுக்கு வந்தது.