சவேரியான் விதி

எங்கள் அண்டத்தில் விளைவுதான் முதலில் வரும்.
செவ்வாயன்று என் கட்டைவிரலில் தையல்;
தகரம் கிழித்தது வெள்ளிக்கிழமை.

ஜுபைல் உப்பகற்றும் ஆலையில்
பம்பு அறைச் சுவரில்
சவேரியான் சாக்பீஸால் எழுதிய விதி:
ஒரே ஊர் என்றால் மூன்று நாள்,
ரியாத் என்றால் ஐந்து,
கடல் தாண்டி என்றால் பதினொன்று.

போன சனிக்கிழமை ஷிப்டு பஸ்ஸில்
அவன் விம்மி விம்மி அழுதான்.
ஏனென்று யாரும் கேட்கவில்லை.
இன்னும் எதுவும் நடந்திருக்கவில்லை.

மூன்று கடந்தது. ஐந்தும்.

ஆறாம் இரவு மணப்பாட்டுக்கு அழைத்தான்.
சைக்கிளைப் பூட்டி வை என்றான்.
படகில் யாரும் போகவேண்டாம் என்றான்.
விதி மாறாது, அவனே எழுதியது.

பிறகு ஒன்றும் விளக்காமல்
ஒவ்வொருவராகப் போனில் வரச் சொன்னான்.
மகளை, அம்மாவை, பால்காரரை.
கடைசியில்
நாயின் பேர் சொல்லி
கொஞ்ச நேரம் விசிலடித்தான்.